விழுவதற்கும் கணக்கு உண்டு

மூன்றாம் ஆண்டு, சிவில் பிரிவு



போன வருடம் நம் மாணவர் பேரவை நடத்திய திரைப்பட மாலையில் ஒரு பழைய ஊமைப்படம் போட்டார்கள். ஞாபகம் இருக்கும். ஒல்லியான ஒரு ஆளு, தட்டையான தொப்பி, சிரிப்பே இல்லாத முகம். கல்யாணமான கையோடு அவனுக்கு ஒரு வீடு பரிசாக வருகிறது. கட்டி முடித்த வீடு இல்லை. பெட்டி பெட்டியாக மரச்சாமான், எதை முதலில் பிரிக்கணும், எதை அடுத்துப் பிரிக்கணும் என்று பெட்டி மேலே நம்பர். அவன் கட்டக் கட்ட வீடு கோணிக்கொண்டே போகிறது. மாடியிலிருந்து விழுகிறான், சுவர் விழுகிறது, பியானோ அவன் மேலேயே விழுகிறது. கூடமே அதிர்ந்தது. நான் மட்டும் சிரிக்கவில்லை. பக்கத்து நாற்காலி நண்பன், என்னடா உம்முன்னு இருக்கேன்னு விலாவில் இடித்தான். அன்றைக்கு அவனுக்குப் பதில் சொல்லவில்லை. இப்போது எழுதுகிறேன்.

எங்கப்பா கொத்தனார். பள்ளிக்கூடம் போகாதவர். எங்க வீட்டில் பத்தாவதைத் தாண்டிய முதல் ஆள் நான்தான். நான் இங்கே சேர்ந்த முதல் வருடம், ஒரு கட்டடத்தில் இரண்டாவது மாடி வெளிப்பூச்சு நடந்துகொண்டிருந்தபோது சாரம் சரிந்து அப்பா கீழே விழுந்துவிட்டார். இடுப்பிலும் வலது காலிலும் எலும்பு முறிவு. சாரம் கட்டிய கயிறு பழசு, மாத்தணும்னு அப்பாவே இரண்டு தடவை சொல்லியிருந்தாராம். ஆனால் ஆஸ்பத்திரிக்குப் பார்க்க வந்தவர்கள் எல்லாரும் கால் தவறிப் போச்சாமேன்னுதான் விசாரித்தார்கள். கயிற்றைப் பற்றி ஒருத்தரும் பேசவில்லை. அப்பாவே கொஞ்ச நாளில் தன் காலைத்தான் திட்ட ஆரம்பித்துவிட்டார். அதற்குப் பிறகு யாராவது விழுவதைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வருவதில்லை.

ஆனால் அந்தச் சிரிக்காத முகம் என்னை விடவில்லை. இந்த ஆள் யார், இவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தும் எப்படி எழுந்து நிற்கிறான் என்று தேடித் தேடிப் படித்தேன். மலருக்கு ஒரு பெரியவருடைய வாழ்க்கை வரலாறு எழுதித் தரச் சொல்லி மலர்க்குழு கேட்டபோது காமராசர், விசுவேசுவரய்யா, கலாம் எல்லாரையும் மற்றவர்கள் முந்திக்கொண்டார்கள். நான் இவரை எடுத்துக்கொண்டேன். பெயர் பஸ்டர் கீட்டன்.

* * *

முழுப்பெயர் ஜோசப் ஃபிராங்க் கீட்டன். 1895 அக்டோபர் 4-ஆம் தேதி அமெரிக்காவில் கான்சாஸ் மாநிலத்துப் பிக்குவா என்ற சிற்றூரில் பிறந்தார். அது அவர்களுடைய சொந்த ஊர் இல்லை. அப்பா ஜோவும் அம்மா மைராவும் ஊர் ஊராகப் போய் மருந்து விற்கிற கம்பெனியில் ஆடிப்பாடிப் பிழைத்தவர்கள். போகிற வழியில் எந்த ஊரில் வலி எடுத்ததோ, அதுவே பிள்ளைக்குப் பிறந்த ஊராகிவிட்டது. வேலை இருக்கிற ஊருக்கெல்லாம் மூட்டை கட்டிக்கொண்டு போகிற கட்டடக் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

ஐந்து வயதிலேயே பையன் மேடைக்கு வந்துவிட்டான். வாட்வில் என்று அந்தக் காலத்தில் அங்கே ஒரு பல்சுவை மேடை உண்டு. பாட்டு, வித்தை, நாய்க்கூத்து எல்லாம் ஒரே மேடையில் ஒன்றன்பின் ஒன்றாக நடக்கும். அதில் இவர்களுடைய ஆட்டத்துக்கு மூன்று கீட்டன்கள் என்று பெயர். ஆட்டம் என்னவென்றால், சொன்ன பேச்சுக் கேட்காத பிள்ளையை அப்பா தூக்கி எறிவதுதான். மேடையில் இருக்கிற திரை மேலே எறிவார், வாத்தியக்காரர்கள் பக்கம் எறிவார். பிடித்துத் தூக்க வசதியாகப் பையனுடைய சட்டை முதுகில் பெட்டிக் கைப்பிடி ஒன்றைத் தைத்து வைத்திருந்தார்கள்! குழந்தைகள் பாதுகாப்புச் சங்கத்தார் நியூயார்க்கில் இவர்களைத் தொடர்ந்து விரட்டியிருக்கிறார்கள்.

இதைப் படித்த அன்று எனக்குக் கோபம்தான் வந்தது. ஆனால் அந்த மேடையில்தான் பையன் இரண்டு பாடம் கற்றான். ஒன்று, விழுகிற வித்தை. உடம்பை விறைக்காமல் தளர்த்தி, கையையோ காலையோ முதலில் தரைக்குக் கொடுத்து அடியைப் பங்கு போட்டு வாங்குவது. இரண்டு, முகம். விழுந்தவன் தானும் சேர்ந்து சிரித்தால் கூட்டம் அவ்வளவாகச் சிரிப்பதில்லை. ஒன்றுமே நடக்காதது போல எழுந்து நின்றால் கூட்டம் உருள்கிறது. பிற்காலத்தில் கல்முகம் என்று உலகமே சொன்ன அந்த முகம் இப்படி வந்ததுதான்.

பள்ளிக்கூடம்? மொத்தமே ஒரு நாள்தான் போனதாக அவர் சொல்லி வந்தார். மேடையில் பேசுகிற கிண்டலை வகுப்பிலும் பேசினாராம், அனுப்பிவிட்டார்களாம். எழுத்து படிப்பெல்லாம் அம்மாவிடம் கற்றதுதான்.

வயது ஏற ஏற அப்பாவுக்குக் குடி முற்றியது. குடித்தவர் கை தவறினால் எறியப்படுகிறவன் கதி என்ன? 1917-இல் குழுவைக் கலைத்துவிட்டு இருபத்தொரு வயதில் தனியாக நியூயார்க் வந்தார். அங்கே ஒரு பெரிய மேடை நிகழ்ச்சியில் வாரம் 250 டாலர் சம்பளம் பேசியாகிவிட்டது. அந்த நேரத்தில்தான் ராஸ்கோ ஆர்பக்கிள் என்ற பருத்த உடம்புக்கார நகைச்சுவை நடிகரின் படப்பிடிப்பைப் பார்க்கப் போனார். 'தி புட்சர் பாய்' என்ற படம். போன அன்றே அதில் நடித்தும் விட்டார். அன்றிரவு ஒரு கேமராவை இரவல் வாங்கிப் போய், அறையில் பாகம் பாகமாகக் கழற்றிப் பார்த்து, மறுபடி பூட்டிக்கொண்டு வந்தாராம். உடனே மேடை ஒப்பந்தத்தை விட்டுவிட்டு வாரம் 40 டாலருக்குச் சினிமாவில் சேர்ந்தார். 250 எங்கே, 40 எங்கே! நண்பர்களே, ஒர்க்ஷாப்பில் லேத்தைத் திறந்து உள்ளே எட்டிப் பார்க்கும் புத்தி உள்ள யாருக்கும் இந்த முடிவு புரியும்.

* * *

நடுவில் 1918-இல் பட்டாளத்தில் சேர்த்து பிரான்சுக்கு அனுப்பினார்கள். காது பாதிப்போடு திரும்பி வந்தார். ஆர்பக்கிளோடு மொத்தம் 14 குறும்படங்கள். 1920-இல் ஜோசப் ஷென்க் என்ற தயாரிப்பாளர் இவரை நம்பித் தனிப் படப்பிடிப்புக் குழுவையே கொடுத்தார். அன்றிலிருந்து 1923 வரைக்குள் 19 குறும்படங்கள். பெரும்பாலானவை இரண்டு ரீல், ஏறக்குறைய இருபது நிமிடம்.

குழுவில் யார் யார் என்று பாருங்கள். கதையும் இயக்கமும் எட்டி கிளைன், கூடவே கீட்டன். கேமரா எல்ஜின் லெஸ்லி. செட், இயந்திரம், தந்திரம் எல்லாம் ஃப்ரெட் கேபுரி. முழுத் திரைக்கதை எழுதி வைத்துக்கொள்கிற வழக்கமில்லை. ஆரம்பம் தெரியணும், முடிவு தெரியணும், நடுவில் இருப்பது தன்னால் வரும் என்பதுதான் அவர்கள் முறை. ஆனால் எழுத்து இல்லையே தவிர, அளவு இல்லாமல் இல்லை.

நாம் பார்த்த அந்த வீட்டுப் படத்தின் பெயர் 'ஒன் வீக்', அதாவது ஒரு வாரம். 1920 செப்டம்பரில் வெளிவந்தது. வீடு கோணியதற்குக் காரணம் கட்டியவன் முட்டாள் என்பது அல்ல. பெண் கிடைக்காத பொறாமைக்காரன் ஒருத்தன் பெட்டி நம்பர்களைத் திருத்திவிடுகிறான். 1-ஐ 4 ஆக்குகிறான், 3-ஐ 8 ஆக்குகிறான். வரைபடப்படிதான் புருஷனும் பெண்டாட்டியும் கட்டுகிறார்கள். வரைபடம் சரி, நம்பர்தான் தப்பு. இதை இரண்டாவது தடவை பார்க்கும்போதுதான் கவனித்தேன். பார்த்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். விழுகிறவன் மேலே தப்பில்லை என்று இந்தப் படம் முதலிலேயே சொல்லிவிடுகிறது!

புயலில் அந்த வீடு ராட்டினம் மாதிரி சுற்றுமே, அது கேமரா வித்தை இல்லை. முழு வீட்டையும் ஒரு சுழல்மேடை மேலே கட்டி நிஜமாகவே சுற்றினார்கள். கதவு வழியாக உள்ளே குதிக்கிறவர் எந்த வினாடி குதிக்கணும் என்று கணக்குப் பார்க்காமல் குதித்தால் மண்டை உடையும்.

1921-இல் வந்த 'தி பிளேஹவுஸ்' படத்தில் ஒரே மேடையில் ஒன்பது கீட்டன்கள் வரிசையாக ஆடுவார்கள். கம்ப்யூட்டர் இல்லாத காலம். லென்சுக்கு முன்னால் மறைப்பு வைத்து, ஒரு பகுதியை மட்டும் திறந்து ஒரு கீட்டனைப் படம் பிடிப்பார்கள். பிறகு அதே ஃபிலிமைத் திரும்பச் சுற்றி, அடுத்த பகுதியைத் திறந்து அடுத்த கீட்டன். கேமராவைக் கையால் சுற்றுகிற காலம் அது. ஒன்பது தடவையும் லெஸ்லியின் கை ஒரே வேகத்தில் சுற்றணும். ஒரு தடவை பிசகினால் எல்லாம் பாழ்.

நம்மைப் போன்ற டிப்ளமாக்காரர்கள் கட்டாயம் பார்க்க வேண்டியது 1922-இல் வந்த 'தி எலெக்ட்ரிக் ஹவுஸ்'. பட்டமளிப்பு விழாவில் சான்றிதழ்கள் மாறிப் போகின்றன. தாவரவியல் படித்தவன் கைக்கு எலெக்ட்ரிக்கல் இன்ஜினியர் சான்றிதழ் வந்துவிடுகிறது. அதை நம்பி ஒரு பணக்காரர் தன் வீட்டுக்கு ஒயரிங் செய்யக் கூட்டிப் போகிறார். இவன் புத்தகத்தைப் பார்த்தே நகரும் மாடிப்படி, சாப்பாடு கொண்டு வரும் குட்டி ரயில் என்று அமர்க்களப்படுத்துகிறான். பிறகு நிஜ இன்ஜினியர் வந்து ஒயர்களை மாற்றிப் பூட்டுகிறான். அப்புறம் என்ன ஆகும் என்று எலெக்ட்ரிக்கல் பிரிவு நண்பர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். இதே படத்தை 1921-இல் முதல் தடவை எடுக்க ஆரம்பித்தபோது அந்த நகரும் படியில் கீட்டனின் காலணி சிக்கிக் கணுக்கால் முறிந்தது. படம் நின்றுபோய், மறு வருடம் புதிதாக எடுத்தார்கள்.

* * *

இனி அந்தச் சுவருக்கு வருகிறேன்.

1919-இல் ஆர்பக்கிளோடு நடித்த 'பேக் ஸ்டேஜ்' படத்தில் ஒரு மேடைத் தட்டி விழும், தட்டியில் இருக்கிற ஜன்னல் துவாரம் ஆர்பக்கிளைச் சுற்றி இறங்கும். ஒன்றும் ஆகாது. அது சோதனை. 1920-இல் 'ஒன் வீக்' படத்தில் வீட்டுச் சுவரே விழுந்தது. 1928-இல் 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' என்ற முழுநீளப் படத்தில் மாடி வீட்டின் முகப்பு மொத்தமும் விழுகிறது. புயலில் நடுத்தெருவில் நிற்கிற கீட்டன் மேலே, மாடி ஜன்னல் அளவுக்கு மட்டும் இடம் விட்டு, முழுச் சுவரும் தரையில் அறைகிறது. எடை ஏறக்குறைய 2 டன் என்று சொல்லப்படுகிறது. தலைக்கும் தோளுக்கும் இருந்த இடைவெளி சில அங்குலம்தான். பொம்மை இல்லை, இரட்டை ஆள் இல்லை.

இதை நான் நோட்டில் போட்டுப் பார்த்தேன். சுவரின் அடியில் கீல். சுவர் அந்தக் கீலைச் சுற்றித்தான் இறங்கும். ஒரு கணக்குக்கு அவர் கீலிலிருந்து 12 அடி தள்ளி நிற்கிறார் என்று வைத்துக்கொள்வோம். பாதத்தைச் சேர்கிற புள்ளி சுவரில் 12 அடி உயரத்தில் இருக்கும். ஆனால் தலை? ஆள் உயரம் ஐந்தரை அடி. சாய்ந்து வருகிற சுவர் தலையைத் தாண்டுகிற இடம், நம் பழைய பித்தாகரஸ் தேற்றப்படி, 144-உம் 30.25-உம் கூட்டி வர்க்கமூலம் எடுத்தால் 13.2 அடி. ஆக ஜன்னல் 12 அடிக்குக் கொஞ்சம் கீழே தொடங்கி 13.2 அடிக்குக் கொஞ்சம் மேலே முடியணும். ஒரு அடி முன்னால் நகர்ந்து நின்றாலும் செத்தார், பின்னால் நகர்ந்தாலும் செத்தார். சுவரை லேசாகச் செய்தால் காற்று யந்திரத்தின் வேகத்தில் முறுக்கிக்கொண்டு கோணலாக விழும். அதனால்தான் கனமாகச் செய்தார்கள். உயிரைக் காப்பாற்றியது அந்தக் கனம்தான்.

ஒரு நாள் பள்ளிக்கூடம் போனவர் போட்ட கணக்கு இது. எங்கப்பாவும் தூக்குக்குண்டைத் தொங்கவிட்டு ஒற்றைக் கண்ணை மூடிப் பார்த்தால் மூன்று மாடிக்கும் அரை இஞ்ச் பிசகாது. அந்தப் படிப்பை நான் இதுவரை படிப்பென்றே நினைக்கவில்லை. வகுப்பில் அப்பா என்ன வேலை என்று கேட்டபோது பில்டிங் லைன் என்று மழுப்பினவன் நான். இந்தப் பக்கத்திலாவது அதை ஒப்புக்கொள்கிறேன்.

* * *

எல்லாக் கணக்கும் கீட்டனுக்குச் சரியாக வந்ததா? இல்லை. 1924-இல் 'ஷெர்லாக் ஜூனியர்' படத்துக்காக ரயில் மேலே ஓடி, தண்ணீர்த் தொட்டிக் குழாயைப் பிடித்துத் தொங்கியபோது எதிர்பாராத வேகத்தில் தண்ணீர் கொட்டித் தண்டவாளத்தில் கழுத்து அடிபட்டது. தலைவலி என்று நினைத்துத் தொடர்ந்து வேலை பார்த்தார். கழுத்தெலும்பு முறிந்திருந்தது என்பது பல வருடம் கழித்து டாக்டர் படம் எடுத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது.

ஆனால் அவருடைய பெரிய விழுகை அது இல்லை. 1926-இல் எடுத்த 'தி ஜெனரல்' படத்தில் நிஜ ரயில் எஞ்சினையே எரிகிற பாலத்திலிருந்து ஆற்றில் இறக்கினார். செலவு பெரிது, வசூல் கைகொடுக்கவில்லை. இன்று உலகின் சிறந்த படங்களில் ஒன்றாக அதை மதிக்கிறார்கள். அன்று அது நட்டக் கணக்கு. 1928-இல் தன் சொந்தப் படப்பிடிப்புக் கூடத்தை விட்டு எம்.ஜி.எம். என்ற பெரிய நிறுவனத்தில் கையெழுத்துப் போட்டார். வேண்டாம் என்று சாப்ளினும் ஹெரால்ட் லாய்டும் தடுத்ததாக அவர் பிறகு சொல்லியிருக்கிறார். அங்கே சம்பளம் உண்டு, ஆனால் அளவு எடுப்பது வேறு ஆட்கள். எதை எடுக்கணும், எப்படி விழணும் என்பதை அலுவலகம் தீர்மானித்தது. அவருடைய குழு கலைந்தது. பேசும் படமும் வந்தது. குடி அப்பாவிடமிருந்து மகனுக்கு வந்தது. 1932-இல் மணமுறிவு. 1933-இல் வேலையிலிருந்து நீக்கிவிட்டார்கள். அதே நிறுவனத்தில் பின்னால் மற்றவர்கள் படத்துக்குச் சிரிப்புக் காட்சி யோசித்துக் கொடுக்கிற வேலையைப் பழைய சம்பளத்தில் சிறு பங்குக்குச் செய்தார்.

விழுந்தவர் எழுந்தார். 1940-இல் எலினாரை மணந்தார். அவர்தான் கடைசி வரை துணை. 1950-களில் அவருடைய பழைய பங்களாவில் குடியிருந்த நடிகர் ஜேம்ஸ் மேசன், அங்கே பூட்டிக் கிடந்த பழைய படச்சுருள்களைக் கண்டெடுத்தார். காணாமல் போன படங்கள் மறுபடி திரைக்கு வந்தன. 1952-இல் சாப்ளினின் 'லைம்லைட்' படத்தில் இருவரும் சேர்ந்து நடித்தார்கள். 1960-இல் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். 1966 பிப்ரவரி 1-ஆம் தேதி, எழுபதாவது வயதில் நுரையீரல் புற்றுநோயால் காலமானார்.

* * *

இந்தக் கோடையில் பயிற்சிக்காக ஒரு கட்டட வேலைக்குப் போயிருந்தேன். சாரத்தில் ஏறி அளவு எடுத்து வரச் சொன்னார்கள். ஏறுவதற்கு முன்னால் கயிற்றைப் பிடித்துப் பார்த்தேன். நைந்திருந்தது. மாத்தினால்தான் ஏறுவேன் என்றேன். படிச்ச பையன் பயந்துட்டான்னு சிரித்தார்கள். சிரிக்கட்டும் என்று ஒன்றும் நடக்காதது போல முகத்தை வைத்துக்கொண்டு நின்றேன். மறுநாள் கயிறு மாறியிருந்தது. சாரத்தில் இருந்த மற்ற ஆறு பேருக்கும் சேர்த்துத்தான் மாறியது.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அப்பாவுக்குக் கைபேசியில் அந்தச் சுவர்க் காட்சியைக் காட்டினேன். மூன்று தடவை திருப்பிப் போடச் சொன்னார். ஒன்றும் பேசவில்லை. அப்புறம் கேட்டார்: அடியில கீல் போட்டிருப்பான், சரி, நிக்கிற எடத்துக்குக் குறி எப்படி வெச்சான்? நான் இரண்டு நாள் நோட்டில் போட்டதை அவர் மூன்று தடவை பார்த்துப் பிடித்துவிட்டார்.

பிறகு 'ஒன் வீக்' போட்டேன். கடைசியில் அந்தக் கோணல் வீட்டை இழுத்துக்கொண்டு போகும்போது தண்டவாளத்தில் மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது. இருவரும் கண்ணைப் பொத்திக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்று மூச்சு விடுகிற நேரம், எதிர்ப்பக்கமிருந்து இன்னொரு ரயில் வந்து வீட்டைத் தூள் தூளாக்கிவிடுகிறது. அவன் விற்பனைக்கு என்று ஒரு பலகையை நட்டு, வீடு கட்டும் செய்முறைத் தாளையும் அதில் செருகிவிட்டு, பெண்டாட்டி கையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறான்.

அப்பா சிரித்துவிட்டார். சாரத்திலிருந்து விழுந்த பிறகு அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. இருமல் வந்து, கண்ணில் தண்ணீர் வந்து, அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்க்கும்வரை சிரித்தார். சிரிப்பு அடங்கியதும், வீடு போனா போவுது, ஆளுக்கு அடிபடலையே என்றார்.

நண்பர்களே! நாளைக்கு நாமும் சுவர் எழுப்புவோம், சாரம் கட்டச் சொல்வோம், ஒப்பந்தத்தில் கையெழுத்தும் போடுவோம். யாராவது விழுந்தால் கால் தவறிவிட்டது என்று எழுதிவிடுவது சுலபம். எழுதுவதற்கு முன்னால் கயிற்றையும் ஒரு தடவை பார்ப்போம். பெட்டி நம்பரை யாராவது மாற்றியிருக்கிறார்களா என்றும் பார்ப்போம்.

அன்றைக்கு விலாவில் இடித்த நண்பா, அடுத்த திரைப்பட மாலைக்கும் என் பக்கத்திலேயே உட்கார். இந்தத் தடவை சிரிப்பேன்.